அரை நாளில் கட்டபொம்மன் போர்த்தடம்

விருதுநகர், சிவகாசியிலிருந்து அரை நாளில் பார்த்துவரச் சில குறிப்புகள்:

● காலை 6 மணிக்குள் கிளம்புங்கள். சாத்தூர், கோவில்பட்டி வழியே நான்குவழிச் சாலையில் முதலில் கயத்தாறு. 1799 அக்டோபர் 16-ல் கட்டபொம்மன் தூக்கிலிடப்பட்ட ஊர், மணிமண்டபம் இருக்கிறது.

● அடுத்தது ஒட்டப்பிடாரம் அருகே, கட்டபொம்மன் ஆண்ட பாஞ்சாலங்குறிச்சி. இன்று நிற்கும் கோட்டை 1974-ல் அரசு கட்டிய நினைவுச் சின்னம். 1801-ல் கட்டபொம்மனின் தம்பி ஊமைத்துரை மீண்டும் எழுப்பிய மண்கோட்டையை ஆங்கிலேயர் தரைமட்டமாக்கினர். வீரசக்கதேவி கோயிலையும் பாருங்கள்.

● ஊர்ப் பெரியவர் ஒருவரைத் துணைக்கு அழைத்தால் பலகையில் இல்லாத கதைகள் கிடைக்கும். அவர் நேரத்துக்கு உரிய தொகையை முதலிலேயே பேசிவிடுங்கள்.

● வழியெல்லாம் கரிசல் காடு. தை, மாசியில் வெயிலும் குறைவு, பருத்தி, மிளகாய் வேலைகளையும் பார்க்கலாம். மழை பெய்தால் மண் காலைப் பிடித்துக்கொள்ளும். வண்டியைத் தார்ச்சாலையிலேயே நிறுத்துங்கள்.

● தண்ணீர், தொப்பி அவசியம். திரும்பும்போது கோவில்பட்டி கடலைமிட்டாய், சாத்தூர் காராச்சேவு வாங்கலாம்.

● வழியில் உள்ள பட்டாசு, தீப்பெட்டி ஆலைகளுக்குள் அனுமதியின்றி நுழையாதீர்கள். அருகில் புகைபிடிக்கவே வேண்டாம்.