பெனின் மக்கள் பெற்ற சட்டம்

ஒரு நாட்டை எப்படி ஆள வேண்டும்? ஆள்பவருக்கு எவ்வளவு அதிகாரம்? மக்களின் உரிமைகள் எவை? இவற்றை எல்லாம் எழுதி வைத்திருக்கும் அடிப்படைச் சட்டமே அரசியல் சட்டம். நம் நாட்டின் அரசியல் சட்டம் 1950 ஜனவரி 26 அன்று நடைமுறைக்கு வந்தது. பெனின் நாட்டு மக்கள் தங்கள் சட்டத்தை எப்படிப் பெற்றார்கள்? படிப்போம்.

ஒருவர் ஆட்சி

பெனின், மேற்கு ஆப்பிரிக்காவில் கடலோரம் உள்ள சிறிய நாடு. பருத்தி அங்கே முக்கியப் பயிர். அந்த நாட்டைப் பிரெஞ்சுக்காரர்கள் ஆண்டார்கள். 1960-இல் விடுதலை கிடைத்தது. அப்போது அதன் பெயர் தகோமே.

விடுதலைக்குப் பின்னும் நிம்மதி இல்லை. படை அதிகாரிகள் பலமுறை ஆட்சியைப் பிடித்தார்கள். 1972-இல் கெரெக்கு என்ற படை அதிகாரி ஆட்சியைப் பிடித்தார். 1975-இல் நாட்டின் பெயரைப் பெனின் என்று மாற்றினார். ஒரே ஒரு கட்சிக்குத்தான் அனுமதி. எதிர்த்துப் பேசியவர்கள் சிறைக்குப் போனார்கள்.

1989-இல் அரசிடம் பணம் இல்லை. வங்கிகள் நொடித்துப் போயின. ஆசிரியர்களுக்கும் ஊழியர்களுக்கும் பல மாதம் சம்பளம் கிடைக்கவில்லை. அவர்கள் வேலை நிறுத்தம் செய்தார்கள். மாணவர்களும் தெருவில் இறங்கினார்கள். வேறு வழியில்லாமல் கெரெக்கு ஒரு மாநாட்டைக் கூட்டச் சம்மதித்தார்.

பத்து நாள் மாநாடு

1990 பிப்ரவரி 19 அன்று கோட்டனூ நகரில் மாநாடு தொடங்கியது. ஏறக்குறைய 500 பேர் வந்தார்கள். ஆசிரியர்கள், தொழிலாளர்கள், விவசாயிகள், மதத் தலைவர்கள், படை வீரர்கள் என்று பலரும் இருந்தார்கள். தெ சூசா என்ற கிறிஸ்தவப் பேராயர் தலைமை தாங்கினார். மக்கள் வீட்டில் இருந்தபடியே வானொலியில் கேட்டார்கள்.

"இந்த மாநாட்டின் முடிவுதான் இறுதி. ஆட்சித் தலைவரும் இதற்குக் கட்டுப்பட வேண்டும்" என்று மாநாடு முடிவு செய்தது. கெரெக்கு என்ன செய்வாரோ, படையை ஏவுவாரோ என்று எல்லோரும் அஞ்சினார்கள். பிப்ரவரி 28 அன்று அவர் முடிவை ஏற்றார். ரத்தம் சிந்தாமல் மாற்றம் வந்தது.

புதிய அரசியல் சட்டம் எழுதப்பட்டது. 1990 டிசம்பர் 2 அன்று மக்கள் வாக்களித்து அதை ஏற்றார்கள். 1991 தேர்தலில் கெரெக்கு தோற்றார். சோக்லோ வென்றார்.

சட்டம் சொல்வது என்ன?

ஒருவர் இரண்டு முறைக்கு மேல் குடியரசுத் தலைவராக இருக்கக் கூடாது. 70 வயதைத் தாண்டியவர் அந்தப் பதவிக்குப் போட்டியிட முடியாது. ஒரு சட்டம் தவறு என்று தோன்றினால், எந்தக் குடிமகனும் அரசியல் சட்ட நீதிமன்றம் போகலாம்.

இதன் 40-ஆம் பிரிவு நம்மைப் போன்றவர்களுக்கு முக்கியமானது. மனித உரிமைகளை எழுத்தறிவு வகுப்புகளில் சொல்லித் தர வேண்டும் என்கிறது அது. மக்கள் பேசும் மொழிகளில் வானொலி மூலமும் சொல்ல வேண்டும். பள்ளிப் படிப்பு இல்லாதவருக்கும் தன் உரிமை தெரிய வேண்டும் அல்லவா?

காவல் யார்?

கெரெக்கு 1996 தேர்தலில் வென்று மீண்டும் வந்தார். 2001-லும் வென்றார். அவரது காலம் முடியும் வேளையில், சட்டத்தைத் திருத்தலாம் என்ற பேச்சு எழுந்தது. "எங்கள் அரசியல் சட்டத்தைத் தொடாதே" என்று மக்கள் இயக்கம் நடத்தினார்கள். 2006-இல் கெரெக்கு பதவியை விட்டுப் போனார். துப்பாக்கியால் வந்தவரைச் சட்டம் வீட்டுக்கு அனுப்பியது.

ஆனால் 2019 நாடாளுமன்றத் தேர்தலில் எதிர்க்கட்சிகளால் போட்டியிட முடியவில்லை. தேர்தல் விதிகள் அவ்வளவு கடுமையாக்கப்பட்டிருந்தன. வேலி போட்டால் மட்டும் போதாது. பயிரைத் தினமும் போய்ப் பார்க்க வேண்டும். சட்டமும் அப்படித்தான். அதை அறிந்த மக்களே அதற்குக் காவல்.

கலந்து பேசுவோம்

1. பெனின் மக்கள் ஏன் போராடினார்கள்?
2. ஒருவர் எத்தனை முறை தலைவராக இருக்கலாம் என்று வரம்பு வைப்பது ஏன்?
3. நம் அரசியல் சட்டம் தரும் உரிமைகளில் இரண்டை எழுதுங்கள்.