பிள்ளை பெயரில் மனை: அப்பா கையெழுத்து போதுமா?

கோவளத்தில் தொடங்கி மாமல்லபுரம் தாண்டிக் கல்பாக்கம் வரை கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டி மனைப்பிரிவுகள் நீள்கின்றன. படிப்புக்கோ கல்யாணத்துக்கோ உதவும் என்று பிள்ளை பெயரிலேயே மனை வாங்கிப் போடும் பெற்றோர் உண்டு. பேரன் பெயருக்குப் பாட்டி செட்டில்மென்ட் எழுதி வைப்பதும் உண்டு. சிக்கல் விற்கும்போதுதான் வருகிறது. "நான் சம்பாதித்துப் போட்ட பணம், என் பிள்ளை. கார்டியன் என்று நான் கையெழுத்துப் போட்டால் ஆகாதா?"

ஆகாது. கிரயப் பத்திரம் மைனர் பெயரில் இருந்தால் சொத்து மைனருடையது. 1956ஆம் ஆண்டு இந்து மைனர், கார்டியன் சட்டத்தின் 8ஆம் பிரிவு இதைத் தெளிவாகச் சொல்கிறது. நீதிமன்றத்தின் முன் அனுமதி இல்லாமல் தகப்பனோ தாயோ மைனரின் அசையாச் சொத்தை விற்கவோ, அடமானம் வைக்கவோ, தானம் கொடுக்கவோ, பரிவர்த்தனை செய்யவோ கூடாது. ஐந்து வருடத்துக்கு மேற்பட்ட குத்தகைக்கும் அனுமதி வேண்டும். கடலோரத் தோப்பை ரிசார்ட்டுக்குப் பத்து வருடம் விடுகிறவர்கள் இந்த வரியைப் படிப்பதே இல்லை.

"பதிவாகிவிட்டதே, இனி என்ன?" என்பது அடுத்த நம்பிக்கை. அனுமதியில்லாத விற்பனை தானாகச் செல்லாமல் போவதில்லை என்பது உண்மை. ஆனால் பிள்ளை மேஜரானதும் அதை மறுக்கலாம். பதிவாளர் அலுவலக முத்திரையால் அந்த உரிமை போய்விடாது.

கர்நாடகத்தின் தாவணகெரேயில் நடந்ததைப் பாருங்கள். 1971இல் ஒரு தகப்பனார் மைனர்களான மூன்று மகன்கள் பெயரில் பக்கத்துப் பக்கத்து மனைகள் இரண்டை வாங்கினார். பிறகு கோர்ட் அனுமதி பெறாமல் இரண்டையும் விற்றார். அவை கைமாறின. மகன்கள் மேஜரானதும் அதே மனைகளை வேறொருவருக்கு விற்றார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 2025 அக்டோபரில் சிவப்பா எதிர் நீலம்மா தீர்ப்பு வந்தது. மகன்களிடம் வாங்கியவரே ஜெயித்தார். தகப்பனின் விற்பனையை ரத்து செய்யச் சொல்லித் தனி வழக்குப் போட வேண்டும் என்ற கட்டாயம் எப்போதும் இல்லை, மேஜரான பின் தாங்களே விற்றதுபோன்ற தெளிவான செயலாலும் மறுக்கலாம் என்றது நீதிமன்றம். முதல் விற்பனையை நம்பிப் பணம் கொடுத்தவர்களின் வாரிசுதாரர்களும் அடுத்தடுத்து வாங்கியவர்களும் என்ன ஆனார்கள் என்று யோசித்துப் பாருங்கள். குற்றம் செய்யாதவர்களும் நஷ்டப்படுகிற விவகாரம் இது.

மறுபக்கம், "மைனர் சொத்து, எப்போது வேண்டுமானாலும் மீட்கலாம்" என்று நம்பி உட்கார்ந்திருப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. காலவரையறைச் சட்டத்தின் 60ஆம் உறுப்பு தருவது மூன்றே வருடம். பதினெட்டு முடிந்ததிலிருந்து கணக்கு. இருபத்தொன்று முடிந்தால் கதவு அடைபடும். தமிழ்நாட்டிலிருந்து போன முருகன் எதிர் கேசவ கவுண்டர் வழக்கில் 2019இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதிப்படுத்தியது. மைனர் இறந்துவிட்டாலும், அவர் வழியில் உரிமை கேட்பவர்களுக்கும் இந்தக் கெடு உண்டு.

தகப்பன் இறந்த வீடுகளில் வேறொரு குழப்பம். "குடும்பச் சொத்துதானே, அம்மா கையெழுத்துப் போட்டால் போதும்" என்பார்கள். பிரிக்கப்படாத பூர்வீகச் சொத்தில் மைனருக்குள்ள பங்கைக் குடும்பத் தலைவர் விற்பதற்கு 8ஆம் பிரிவு பொருந்தாது; 1996இல் நாராயண் பால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. அங்கேயும் குடும்பத் தேவையோ நன்மையோ இருந்தாக வேண்டும். ஆனால் தகப்பன் தானே சம்பாதித்த நிலத்தை உயில் எழுதாமல் விட்டுப் போனால் மனைவி, மக்கள், தாய் எல்லாருக்கும் தனித்தனிப் பங்கு. அதில் மைனரின் பங்கு மைனருடைய தனிச் சொத்து. அம்மா தன் பங்கை விற்கலாம். பிள்ளை பங்குக்குக் கோர்ட் அனுமதி வேண்டும். தாசில்தார் தரும் வாரிசுச் சான்று அந்த அனுமதி ஆகாது.

சித்தப்பா, பெரியப்பா, அக்கா, தாத்தா யாராவது "நான்தான் வளர்த்தேன்" என்று விற்றால் நிலைமை இன்னும் மோசம். அவர்களுக்கு விற்கும் அதிகாரமே இல்லை என்கிறது அதே 1956 சட்டத்தின் 11ஆம் பிரிவு. மைனரின் அக்கா செய்த விற்பனை அடியோடு செல்லாது என்று 2001இல் மாதேகவுடா வழக்கில் தீர்ப்பானது.

"தாத்தா காலத்தில் யாரும் கோர்ட்டுக்குப் போனதில்லையே" என்பதில் உண்மை இருக்கிறது. 1856இல் லண்டன் பிரிவி கவுன்சில் ஹனுமான் பிரசாத் பாண்டே வழக்கில் வகுத்த விதிப்படி, தேவை இருந்தால் காப்பாளரே விற்கலாம். அடுத்த நூறு வருடம் அப்படித்தான் நடந்தது. 1956 ஆகஸ்டில் புதுச் சட்டம் வந்ததும் அந்தக் காலம் முடிந்தது. பழக்கம் மட்டும் முடியவில்லை.

அனுமதி கிடைக்கவே கிடைக்காது என்று பயப்படவும் வேண்டாம். நிலம் எங்கே இருக்கிறதோ அங்குள்ள கோர்ட்டில் மனுப் போட வேண்டும். குடும்பம் மயிலாப்பூரில் இருந்தாலும் மாமல்லபுரத்து மனைக்குச் செங்கல்பட்டு மாவட்ட நீதிமன்றம்தான். மருத்துவம், படிப்பு, கடன் போன்ற தேவையையோ, விற்பதால் பிள்ளைக்குக் கண்கூடான நன்மை உண்டு என்பதையோ காட்ட வேண்டும். கோர்ட் நிபந்தனை போடலாம்: ஏலத்தில் விற்கச் சொல்லலாம், பணத்தைக் கோர்ட்டில் கட்டச் சொல்லலாம். பிள்ளையின் பங்கை மேஜராகும் வரை வங்கி வைப்புத்தொகையில் போடச் சொல்வது வழக்கம். தாமதமாகிறதே என்று முணுமுணுக்கிறோம். பேசத் தெரியாத வயதில் உள்ள ஒருவருக்காக வேறு யாராவது கேள்வி கேட்க வேண்டாமா?

வாங்குகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். வில்லங்கச் சான்றோடு நிறுத்தாதீர்கள். மூலப் பத்திரத்தைப் பக்கம் பக்கமாகப் படியுங்கள். 'மைனர்', 'கார்டியன்' என்ற சொல் எங்கே வந்தாலும் கோர்ட் உத்தரவின் சான்றிட்ட நகலைக் கேளுங்கள். அது இல்லையென்றால், அந்தப் பிள்ளைக்கு இப்போது இருபத்தொன்று முடிந்துவிட்டதா, அதற்குள் அவர் மறுத்து ஏதாவது செய்தாரா என்று விசாரியுங்கள். இரண்டும் தெரியும்வரை அட்வான்ஸ் கொடுக்க வேண்டாம்.