பிள்ளை வழக்கில் சிக்கினால்: ஜாமீனுக்கு வீட்டார் வர வேண்டும்



பைக் திருட்டு, தெருச் சண்டை, கஞ்சாப் பொட்டலம் என்று பதினாறு, பதினேழு வயதுப் பிள்ளைகள் வழக்கில் சிக்கினால் பல வீடுகள் வெட்கத்தில் கதவைச் சாத்திக்கொள்கின்றன. "நாலு நாள் உள்ளே கிடந்தால்தான் புத்தி வரும்" என்று சொல்லும் அத்தாமார்களும் உண்டு. அப்படி ஒதுங்குவது பிள்ளையின் ஜாமீனுக்கே தடையாகலாம். காரணம் சட்டத்திலேயே இருக்கிறது.

2015-ஆம் ஆண்டு இளைஞர் நீதிச் சட்டப்படி, சம்பவம் நடந்த நாளில் 18 வயது நிறையாதவர் குழந்தைதான். மார்க்கத்தில் பருவமடைந்த பிள்ளைக்குத் தொழுகை கடமையாகிவிடுகிறது. அதை நினைத்து "இவன் பெரியவன்தானே" என்று காவல் நிலையத்தில் பேசிவிடாதீர்கள். வயதுக்குப் பள்ளிக்கூடச் சான்றிதழை முதலில் பார்ப்பார்கள். அது இல்லாவிட்டால் நகராட்சி அல்லது ஊராட்சி தந்த பிறப்புச் சான்றிதழ். இரண்டும் இல்லாதபோதுதான் மருத்துவப் பரிசோதனை. ஆகவே கையோடு அந்தத் தாளை எடுத்துச் செல்லுங்கள்.

பிடிபட்ட பிள்ளையை லாக்கப்பிலோ சிறையிலோ வைக்கக் கூடாது. பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்துக்குள் இளைஞர் நீதிக் குழுமத்தின் முன் நிறுத்த வேண்டும்.

பெரியவர்களின் வழக்கில் குற்றம் எவ்வளவு கடுமையானது என்பது ஜாமீனைத் தடுக்கலாம். பிள்ளைகளுக்கு 12-ஆம் பிரிவு வேறு கணக்குப் போடுகிறது. ஜாமீனில் விட முடியாத குற்றமாக இருந்தாலும், ஜாமீன்தாரரோடோ இல்லாமலோ பிள்ளையை விடுவிக்க வேண்டும் என்பதே பொது விதி. மறுக்க மூன்று காரணங்களே உண்டு: வெளியே போனால் தெரிந்த குற்றவாளிகளோடு சேர்ந்துவிடுவான், அவனுக்கு ஒழுக்க, உடல் அல்லது மனரீதியான ஆபத்து நேரும், அல்லது நீதியின் நோக்கமே கெட்டுவிடும். மறுத்தால் காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். ராஜஸ்தான் சிறுவன் ஒருவன் இப்படிக் காரணம் பதியப்படாமலே சுமார் ஓராண்டு அடைபட்டிருந்தான். 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அவனை ஜாமீனில் விட்டது.

அந்த மூன்றில் முதல் இரண்டையும் கவனியுங்கள். பிள்ளை எங்கே, யாரிடம் திரும்பிப் போகிறான் என்பதுதான் அங்கே கேள்வி. வீட்டிலிருந்து யாருமே வராவிட்டால் குழுமம் என்ன நினைக்கும்? அத்தாவோ அம்மாவோ நேரில் போங்கள். நன்னடத்தை அலுவலர் வீட்டு நிலையை விசாரித்து அறிக்கை தருவார்; அவரிடம் எதையும் மறைக்காமல் பேசுங்கள். தெருக் கூட்டாளிகளால்தான் சிக்கல் என்றால், வேறு ஊரிலுள்ள மாமா வீட்டில் தங்கிப் படிப்பான் என்று சொல்லுங்கள். அந்த மாமாவையும் கூட்டிச் செல்லுங்கள். பெற்றோர் இல்லாத பிள்ளையைப் பொறுப்பேற்க முன்வரும் தகுதியான ஒருவரிடமும் குழுமம் ஒப்படைக்கலாம்.

இங்கே ஜமாஅத்துக்கும் வேலை இருக்கிறது. யஅகூப் நபி (அலை) அவர்கள் இளைய மகனை அனுப்பும் முன், அவரைத் திரும்பக் கொண்டுவருவதாக மற்ற பிள்ளைகளிடம் அல்லாஹ்வின் பெயரால் உறுதி வாங்கியது யூசுஃப் அத்தியாயத்தில் வருகிறது. ஒருவரை உரிய நாளில் முன்னிலைப்படுத்தப் பொறுப்பேற்பதை நம் ஃபிக்ஹு நூல்கள் கஃபாலா என்று பேசுகின்றன. தன் மஹல்லாப் பிள்ளைக்கு ஜாமீன் நிற்பதைக் கௌரவக் குறைச்சலாக நினைக்கும் நிர்வாகிகள் இதை யோசிக்கட்டும்.

ஜாமீன் கிடைத்தும் நிபந்தனையை ஏழு நாளில் நிறைவேற்ற முடியவில்லையா? நிபந்தனையை மாற்றுவதற்காகப் பிள்ளையை மீண்டும் குழுமத்தின் முன் நிறுத்த வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. பணம் இல்லை என்று பேசாமல் இருந்துவிடாதீர்கள். ஜாமீன் மறுக்கப்பட்டால் 30 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். வக்கீலுக்கு வழியில்லாதவர்கள் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள், அல்லது 15100 என்ற எண்ணை அழையுங்கள். பிள்ளைகளுக்கு அங்கே வக்கீல் இலவசம்.