வீட்டுக் கடனின் உண்மைச் சுமை

வீடு வாங்கும் பொருட்டுக் கடன் பெறச் செல்லும் ஒருவர் கேட்கும் முதற் கேள்வி பெரும்பாலும் ஒன்றே: "மாதம் எவ்வளவு கட்ட வேண்டியிருக்கும்?" சம்பளத்தை மாதக் கணக்கில் பெற்று, மாதக் கணக்கில் செலவிடும் குடும்பத்துக்கு இக்கேள்வி இயல்பானதே. ஆயினும் கடனின் விலையை அறிய இதைவிடப் பொருத்தமற்ற கேள்வி இருக்க முடியாது. மாதத் தவணை என்பது கடன் கொள்வோரின் சக்திக்கேற்பச் சுருக்கவும் நீட்டவும் கூடிய ஒரு தொகை. அதைச் சுருக்கும்போதெல்லாம் காலம் நீள்கிறது. காலம் நீளும்போது விலை ஏறுகிறது.

நமது நாட்டில் நடுத்தர வருவாய்ப் பிரிவினருக்கு நீண்ட காலக் கடன் கிட்டத் தொடங்கியது அண்மைக் காலத்தில்தான். ஹட்கோ எனப்படும் வீட்டு வசதி, நகர்ப்புற வளர்ச்சிக் கழகம் 1970இலும், தனியார் துறையில் எச்.டி.எஃப்.சி. 1977இலும், தேசிய வீட்டு வசதி வங்கி 1988இலும் தோன்றின. அதற்கு முன்னர் வீடு என்பது பெரும்பாலும் சேமநிதியும் மனைவியின் நகையும் சேர்ந்து, பணி ஓய்வை ஒட்டி எழும்பிய ஒன்று. இன்று முப்பத்தைந்து, நாற்பது வயதிலேயே வீடு கைக்கு வருகிறது. இது பெரும் நன்மையே. ஆனால் அந்த நன்மைக்குக் கொடுக்கும் விலையைக் கணக்கிட்டு அறிவோர் மிகச் சிலரே.

தவணையின் உள்ளே

ஓர் எடுத்துக்காட்டை எடுத்துக்கொள்வோம். மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் பணிபுரியும் நாற்பது வயது ஊழியர் ஒருவர் ரூ. 25 லட்சத்தை 8.5 சதவீத வட்டியில், 20 ஆண்டுகளில் திருப்பிச் செலுத்துவதாக வங்கியில் கடன் பெறுகிறார் எனக் கொள்வோம். அவர் செலுத்த வேண்டிய சமமான மாதத் தவணை ரூ. 21,696. இருபது ஆண்டுகளில் அவர் செலுத்தும் மொத்தத் தொகை ஏறத்தாழ ரூ. 52.07 லட்சம். அதாவது பெற்ற கடன் 25 லட்சம். அதன்மேல் கொடுத்த வட்டி 27.07 லட்சம்.

தவணை எல்லா மாதங்களிலும் ஒன்றே. அதன் உள்ளமைப்பு மட்டும் மாதந்தோறும் மாறுகிறது. ஒவ்வொரு மாதமும் எஞ்சியுள்ள அசலுக்கான வட்டி முதலில் எடுத்துக்கொள்ளப்படும். மீதியே அசலில் கழிக்கப்படும். முதல் மாதத் தவணையில் ரூ. 17,708 வட்டிக்கே சென்றுவிடுகிறது. அசலில் குறைவது ரூ. 3,987 மட்டுமே. முதல் ஐந்து ஆண்டுகளில் அவர் ரூ. 13 லட்சத்துக்கு மேல் செலுத்தியிருப்பார். கடன் குறைந்திருப்பதோ மூன்று லட்சத்துக்கும் சற்றுக் குறைவு. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது 143ஆவது மாதத்தில். அசலில் பாதி அடைபடுவது 166ஆவது மாதத்தில். அப்போது ஊழியருக்கு வயது ஐம்பத்து நான்கை நெருங்கியிருக்கும்.

இதில் வங்கியின் சூழ்ச்சி எதுவும் இல்லை என்பதை மாணவர்கள் கவனிக்க வேண்டும். எந்த மாதத்திலும் நிலுவையிலுள்ள அசலுக்குரிய வட்டிக்கு மேல் ஒரு ரூபாயும் பெறப்படுவதில்லை. தொடக்கத்தில் வட்டி மிகுதியாக இருப்பதற்குக் காரணம் தொடக்கத்தில் கடன் மிகுதியாக இருப்பதே. 'வங்கிகள் வட்டியை முன்னதாகவே வசூலித்துவிடுகின்றன' என்ற பரவலான குறை கணக்கின்படி சரியன்று.

காலத்தை மட்டும் மாற்றிப் பார்க்கலாம். இதே கடனை 15 ஆண்டுகளில் தீர்ப்பதாயின் தவணை ரூ. 24,618, மொத்த வட்டி ரூ. 19.31 லட்சம். முப்பது ஆண்டுகளாக்கினால் தவணை ரூ. 19,223, வட்டியோ ரூ. 44.20 லட்சம். இருபதிலிருந்து முப்பதுக்குச் செல்பவர் மாதம் சுமார் ரூ. 2,470 மிச்சப்படுத்துவதற்காக 17 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறார். இருபதிலிருந்து பதினைந்துக்கு வருபவரோ மாதம் ரூ. 2,900 சொச்சம் கூடுதலாகச் செலுத்தி, 7.75 லட்சத்துக்கு மேல் மீட்டுக்கொள்கிறார்.

ஒரே விகிதம், இரு விலைகள்

வட்டி விகிதம் ஒன்றாக இருந்தால் கடனின் விலையும் ஒன்றாகத்தான் இருக்கும் என்று எண்ணுவது தவறு. அரசு ஊழியர்களுக்கு நன்கு தெரிந்த ஒரு திட்டமே இதற்குச் சான்று.

மத்திய அரசு ஊழியர்களுக்கான வீடு கட்டும் முன்பணத் திட்டம் 2017இல் திருத்தியமைக்கப்பட்டபோது, உச்ச வரம்பு ரூ. 25 லட்சம் எனவும், வட்டி 8.5 சதவீதத் தனிவட்டி எனவும் நிர்ணயிக்கப்பட்டது. விகிதம் பின்னர் மாறியுள்ளது. எனினும் ஒப்பீட்டுக்கு அந்த விகிதமே வசதியானது. இத்திட்டத்தில் முதலில் அசல், 180 மாதங்களுக்கு மேற்படாத தவணைகளில் பிடித்தம் செய்யப்படுகிறது. வட்டி தனியே குறித்து வைக்கப்பட்டு, அசல் முழுவதும் தீர்ந்தபின் 60 மாதங்களுக்கு மேற்படாத தவணைகளில் பெறப்படுகிறது. காலம் மொத்தம் அதே 20 ஆண்டுகள்; விகிதம் அதே 8.5, தொகை அதே 25 லட்சம்.

முதல் 15 ஆண்டுகள் மாதப் பிடித்தம் ரூ. 13,889. சேர்ந்த வட்டி ஏறத்தாழ ரூ. 16 லட்சம், அது கடைசி ஐந்து ஆண்டுகளில் மாதம் சுமார் ரூ. 26,700 வீதம் பிடிக்கப்படும். ஆக மொத்தம் 41 லட்சம். வங்கிக் கடனைவிட 11 லட்சம் குறைவு. முதல் 15 ஆண்டுகளும் மாதம் ஏறத்தாழ ரூ. 7,800 குறைவாகச் செலுத்திய பின்னரும் மொத்தத்தில் குறைவாகவே கொடுக்கிறார் என்பதே வியப்பு. காரணம் எளியது. இங்கே செலுத்தும் ஒவ்வொரு ரூபாயும் அசலைக் குறைக்கிறது. செலுத்தப்படாமல் நிற்கும் வட்டி மேலும் வட்டி ஈன்றெடுப்பதில்லை. வங்கிக் கணக்கு முறையில் இத்திட்டத்தின் வட்டியைக் கணித்தால் அது சுமார் 4.7 சதவீதமே ஆகும். 8.5 என்ற எண் இரு தாள்களிலும் அச்சிடப்பட்டிருக்கிறது. ஒன்றின் பொருள் மற்றொன்றின் பொருளில் பாதியைவிடச் சற்றே அதிகம்.

பழைய இந்து சட்டத்தில் 'தாம்துபட்' என்ற விதி ஒன்று உண்டு. பம்பாய் மாகாணத்தில் ஆங்கிலேயர் கால நீதிமன்றங்களும் அதை ஏற்று நடத்தின. எந்த ஒரு சமயத்திலும் அசலுக்கு மேற்பட்ட தொகையை வட்டி நிலுவையாகக் கோர முடியாது என்பது அதன் சாரம். 25 லட்சத்துக்கு 27 லட்சம் வட்டி என்றதும் இவ்விதி சிலருக்கு நினைவு வரக்கூடும். ஆனால் மாதந்தோறும் செலுத்தித் தீர்க்கப்படும் வட்டியை அவ்விதி தொடுவதில்லை. நிலுவையாகத் தேங்கும் வட்டியை மட்டுமே அது கட்டுப்படுத்தியது.

மாறும் வட்டியும் மறைந்து நீளும் காலமும்

மேற்கண்ட கணக்குகள் வட்டி இருபது ஆண்டுகளும் மாறாது என்ற அனுமானத்தில் எழுந்தவை. நடைமுறையில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் வழங்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட வேண்டும் என ரிசர்வ் வங்கி விதித்தது. அதனால் வட்டிக் குறைப்பின் பயன் கடன்தாரரை விரைவில் சென்றடைகிறது. உயர்வின் சுமையும் அவ்வாறே.

ரெப்போ விகிதம் 2020 மே மாதத்தில் 4 சதவீதமாக இறங்கியது. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை படிப்படியாக உயர்ந்து 6.5 சதவீதமாயிற்று. இந்த 2.5 சதவீதப் புள்ளி உயர்வு ஒரு குடும்பத்தை எவ்வாறு பாதித்திருக்கும்?

நமது ஊழியர் அதே 25 லட்சத்தை 6.75 சதவீதத்தில் 20 ஆண்டுகளுக்குப் பெற்றார் எனக் கொள்வோம். தவணை ரூ. 19,009. ஓராண்டு முடிவில் நிலுவை ரூ. 24,38,770. எஞ்சிய தவணைகள் 228. கணக்கின் எளிமைக்காக, அன்றே வட்டி 9.25 சதவீதமாக உயர்ந்தது எனலாம். தவணையை மாற்றாமல் விட்டால் என்ன ஆகும்? அடுத்த மாத வட்டி மட்டும் ரூ. 18,799. தவணையில் அசலுக்கென எஞ்சுவது ரூ. 210. இவ்வேகத்தில் கடன் தீர 587 மாதங்கள் ஆகும். அதாவது ஏறத்தாழ 49 ஆண்டுகள். நாற்பத்தோரு வயதினருக்குத் தொண்ணூறாவது வயதில் கடன் தீரும்! வட்டி 9.36 சதவீதமாகியிருந்தால் தவணை வட்டிக்கே போதாது. மாதந்தோறும் கட்டக் கட்டக் கடன் வளரும். காலத்தை 228 மாதங்களாகவே வைத்துக்கொள்ள வேண்டுமாயின் தவணை ரூ. 22,749 ஆக உயர வேண்டும்.

கூடுதல் ரூ. 3,740 வலியைத் தரும். ஆனால் கண்ணுக்குத் தெரியும். காலம் நீள்வது வலிப்பதில்லை, ஆகவே தெரிவதுமில்லை. தவணை மாறவில்லை என்று நிம்மதியாக இருந்த கடன்தாரர் பலர், சில ஆண்டுகள் கழித்துக் கணக்கைப் பார்த்தபோதுதான் ஓய்வு பெறும் நாளுக்கு அப்பாலும் தவணைகள் நீண்டு கிடப்பதை அறிந்தனர்.

இந்நிலையில் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாற்றியமைக்கப்படும்போது, தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சிறிது சிறிது செய்வதா என்பதைக் கடன்தாரரே தேர்ந்தெடுக்கலாம். நிறுவனத்தின் கொள்கைக்கு உட்பட்டு நிலையான வட்டிக்கு மாறவும் வாய்ப்பளிக்க வேண்டும் என 2023இல் விதிக்கப்பட்டிருந்தது. காலத்தை நீட்டுவதனால் வட்டிக்கே தவணை போதாத நிலை வரக் கூடாது. காலாண்டுதோறும் கணக்கு விவரம் தரப்பட வேண்டும். விதி நல்லது. எனினும் தேர்ந்தெடுக்கும் உரிமையைக் கணக்குப் புரிந்தவர்தாம் பயன்படுத்த முடியும். 2025இல் ரெப்போ விகிதம் பல கட்டங்களில் குறைந்தபோது, தவணையைக் குறைத்துக்கொள்ளாமல் பழைய தொகையையே செலுத்திவந்தவர்களுக்கு நீண்டிருந்த காலம் ஓரளவு சுருங்கியிருக்கும்.

ரூபாயின் மதிப்பு

52 லட்சம் என்ற எண்ணைக் காட்டி அச்சுறுத்துவதும் முழு உண்மையாகாது. இருபது ஆண்டுகளுக்குப் பின் கொடுக்கும் ரூபாயும் இன்றைய ரூபாயும் ஒன்றல்ல. சில்லறை விலை உயர்வுக்கு இலக்காகக் கொள்ளப்பட்ட ஆண்டுக்கு 4 சதவீதமே நிலவும் எனக் கொண்டால், கடைசித் தவணையான ரூ. 21,696 இன்றைய மதிப்பில் ரூ. 9,900 அளவே பெறும். முதல் எடுத்துக்காட்டின் எல்லாத் தவணைகளையும் இவ்வாறு குறைத்துக் கூட்டினால் 36 லட்சம் வருகிறது. அதாவது 25 லட்சக் கடனின் உண்மை வட்டிச் சுமை, இன்றைய ரூபாயில், 11 லட்சம். இதற்கு எதிரே இருபது ஆண்டுகள் கொடாமல் மிஞ்சிய வாடகையையும் வைத்தே வீட்டின் இலாப நட்டத்தை மதிப்பிட வேண்டும். ஆனால் ஒரு நிபந்தனை உண்டு: விலைவாசியுடன் வருமானமும் ஏற வேண்டும். அகவிலைப்படி பெறுவோருக்கு இது ஓரளவு உறுதி. சிறு வியாபாரிக்கும் ஒப்பந்தப் பணியாளருக்கும் அவ்வாறில்லை. அவர்களைப் பொறுத்தவரை 52 லட்சம் என்ற எண்ணையே மனத்தில் கொள்வது பாதுகாப்பானது.

வட்டிக்கு வருமான வரியில் கிடைக்கும் கழிவும் முன்போல் அனைவருக்கும் உரியதன்று. தாம் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு இரண்டு லட்சம் வரையிலான கழிவு பழைய வரி முறையில் மட்டுமே உண்டு. 2023-24 நிதியாண்டு முதல் இயல்பான முறையாக்கப்பட்ட புதிய முறையில் அது இல்லை.

வட்டிக்கு வெளியே நிற்கும் செலவுகளும் சில உள. முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் பொதுவாகக் கடன் வரம்புக்கான வீட்டு விலையில் சேர்க்கப்படுவதில்லை. அவற்றைக் கையிலிருந்தே கொடுக்க வேண்டும். பரிசீலனைக் கட்டணம், சட்ட ஆய்வுக் கட்டணம், கடனுடன் சேர்த்து விற்கப்படும் காப்பீட்டின் பிரிமியம் ஆகியவையும் உண்டு. அந்தப் பிரிமியத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால் அதற்கும் இருபது ஆண்டுகள் வட்டி ஏறும். 2024 அக்டோபர் 1 முதல், கடன் வழங்கும் நிறுவனங்கள் இத்தகைய கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டுச் சதவீத விகிதத்தை முக்கிய விவரத் தாள் ஒன்றில், தவணை அட்டவணையுடன் தர வேண்டும். இரு வங்கிகளை ஒப்பிட விளம்பரத்திலுள்ள வட்டியை விட்டு, இத்தாளிலுள்ள விகிதத்தையே பார்க்க வேண்டும்.

முன்கூட்டிச் செலுத்துதல்

தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டித் தீர்ப்பதற்கு அபராதம் வாங்கக் கூடாது என 2012இல் ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குத் தடை விதித்தது. இச்சலுகையின் மதிப்பு அதைப் பயன்படுத்தும் நேரத்தைப் பொறுத்தது. 8.5 சதவீத எடுத்துக்காட்டில், முதலாண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகச் செலுத்தி, தவணையை மாற்றாமல் விட்டால், இறுதியில் ஏறத்தாழ 21 தவணைகள் குறையும். மிச்சமாகும் வட்டி 3.6 லட்சத்துக்கு மேல். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் செலுத்தினால் குறைவது ஏழு தவணைகளுக்குச் சற்றுக் குறைவு. மிச்சம் அரை லட்சம் அளவு. இரண்டிலும் பணம் ஈட்டித் தருவது அதே 8.5 சதவீதந்தான், முன்னதில் அது பத்தொன்பது ஆண்டுகள் வேலை செய்கிறது. வேறு எதில் முதலிட்டாலும் வரி போக 8.5 கிட்டாது எனில் கடனை அடைப்பதே சிறந்த முதலீடு. ஆறு மாதக் குடும்பச் செலவுக்குரிய கையிருப்பையும் கரைத்து அடைப்பது மட்டும் விவேகமாகாது. வீட்டில் போட்ட பணம் மருத்துவமனைக்கு உடனே வாராது.

முன்கூட்டிச் செலுத்தும்போது, தவணையைக் குறைப்பதா, காலத்தைக் குறைப்பதா என்பதை எழுத்து மூலம் தெரிவித்து, புதிய அட்டவணையைக் கேட்டுப் பெற வேண்டும். கடன் முழுவதும் தீர்ந்தபின், அசல் பத்திரங்கள் 30 நாட்களுக்குள் திருப்பித் தரப்பட வேண்டும். தாமதத்துக்கு நிறுவனமே காரணமாயின் நாளொன்றுக்கு ரூ. 5,000 வீதம் இழப்பீடு உண்டு. இவ்விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ளது.