வீட்டுப் பராமரிப்பு நேரம்: நோயின் பெயருக்கு மணிக்கணக்கு இல்லை

ஆட்டிசம் என்று டாக்டர் ஒரு கடிதம் கொடுத்துவிட்டால் போதும், பராமரிப்பு உதவிக்கான மணி நேரம் தானாகக் கிடைத்துவிடும். கலிஃபோர்னியாவில் மாற்றுத்திறனாளிப் பிள்ளையை வீட்டோடு வைத்துப் பார்க்கும் பெற்றோர் பலரும், ஃப்ரீமான்ட், சான் ஹோசே பக்கத்துத் தமிழ்க் குடும்பங்கள் உட்பட, இப்படித்தான் நம்புகிறார்கள். அங்கே ஐஎச்எஸ்எஸ் என்றொரு அரசுத் திட்டம் இருக்கிறது. மாதம் இத்தனை மணி நேரம் உதவி தேவை என்று கவுன்டி நிர்வாகம் அளந்து சொல்லும். அந்த நேரத்துக்கு உதவுபவருக்கு அரசே சம்பளம் கொடுக்கும். அவர் வெளியாளாக இருக்கலாம், வளர்ந்த பிள்ளையைப் பார்த்துக்கொள்ளும் அம்மாவாகவும் இருக்கலாம். உச்சவரம்பு மாதத்துக்கு 283 மணி நேரம். நாளுக்கு ஒன்பதரை மணி நேரம்கூட முழுதாக வராது. இருபத்துநாலு மணி நேரமும் ஆள் போடுவார்கள் என்ற எதிர்பார்ப்பு இங்கேயே அடிபட்டுப் போகிறது.

நோயின் பெயருக்கும் மணி நேரத்துக்கும் நேரடித் தொடர்பு இல்லை. சமூகப் பணியாளர் ஒருவர் வீட்டுக்கு வந்து குளியல், உடை, சாப்பாடு, கழிப்பறை என்று ஒவ்வொரு வேலையாகக் கேட்பார். ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 5 வரை ஒரு படி. தானே செய்துகொள்வார் என்றால் 1. வாயால் சொன்னால் போதும் என்றால் 2. ஆள் கை கொடுக்க வேண்டும் என்றால் 3, பெரும்பகுதியை ஆள்தான் செய்ய வேண்டும் என்றால் 4, தன்னால் எதுவுமே முடியாது என்றால் 5.

கோட்டை விடுவது பெரும்பாலும் இந்தப் பேச்சில்தான். வந்திருப்பவர் முன்னால் பிள்ளையை விட்டுக்கொடுக்க நமக்கு மனசு வராது. "அவனே குளிச்சுக்குவான், நான் சும்மா பக்கத்துல நிப்பேன்" என்று அம்மா சொல்லிவிடுவார். தலைக்குத் தண்ணீர் ஊற்றுவதும், சோப்பு போடுவதும், பல் தேய்த்துவிடுவதும், துவட்டுவதும் அவர்தான். இருபது வருஷமாகச் செய்து செய்து அதெல்லாம் வேலையாகவே அவருக்குத் தெரிவதில்லை. அவர் சொன்னபடி எழுதினால் படி 2. குளியல், பல், தலைமுடிப் பராமரிப்பு எல்லாம் சேர்த்து வாரத்துக்கு அதிகபட்ச வழிகாட்டு அளவு 1 மணி 55 நிமிடம். உள்ளது உள்ளபடி சொல்லியிருந்தால் படி 4 ஆகியிருக்கும்; அதன் அதிகபட்ச அளவு 4 மணி 5 நிமிடம், அதாவது நாளுக்கு 35 நிமிடம். ஒரே ஒரு வாக்கியத்தில் மாதம் 9 மணி நேரத்துக்கு மேல் போய்விடுகிறது.

மிகைப்படுத்தச் சொல்லவில்லை. கடிகாரத்தைப் பார்த்து, நல்ல நாள் கெட்ட நாள் இரண்டையும் சேர்த்து ஒரு வாரத்துக்கு நோட்டில் எழுதி வைத்தாலே போதும். இந்த அளவுகள் வழிகாட்டிகள் மட்டுமே. கூடுதல் நேரம் ஏன் தேவை என்று காரணம் காட்டினால் அதற்கு மேலும் அனுமதிக்கலாம். ஒரே வீட்டில் எல்லோருக்கும் பொதுவான சமையலின் நேரத்தைத் தலைக்கு வகுத்து, உதவி பெறுபவரின் பங்கைத்தான் கணக்கில் எடுப்பார்கள். ஆனால் அவருக்கென்று தனியாகக் குழைத்து, மசித்துச் சமைப்பதாக இருந்தால் அந்த நேரத்தை வகுக்கக் கூடாது. இதைக் கேட்டால்தான் எழுதுவார்கள்.

அதிகம் குழம்புகிற இடம் 'பாதுகாப்புக் கண்காணிப்பு' என்ற பிரிவு. மணி நேரம் கணிசமாகக் கூடுவதும் இதில்தான். உடல் எவ்வளவு மோசமோ அவ்வளவுக்கு இது கிடைக்கும் என்பது பரவலான எண்ணம். உண்மை ஏறக்குறைய நேர்மாறு. கை கால் அசைக்கவே முடியாதவருக்கு இந்தப் பிரிவு பொருந்தாது. எப்போது வலிப்பு வருமோ என்று பக்கத்தில் உட்கார்ந்திருப்பதற்கும் தர மாட்டார்கள். நடமாடக்கூடியவர், ஆபத்து எதுவென்று அறியாதவர், கண்ணை எடுத்தால் விபத்தில் போய் நிற்பவர், இப்படிப்பட்டவருக்குத்தான் இது.

இந்தப் பிரிவுக்காக மருத்துவர் நிரப்பும் படிவம் நினைவாற்றல், இடம்–காலம் பற்றிய தெளிவு, நிதானித்து முடிவெடுக்கும் திறன் என்று மூன்றைக் கேட்கிறது. "கட்டுக்கடங்காதவன், அடிக்கிறான்" என்று மட்டும் அதில் எழுதினால் விண்ணப்பம் சிக்கிக்கொள்ளும், ஏனென்றால் பிறரைத் தாக்கும் நடத்தையையும் வேண்டுமென்றே தன்னைத் தானே காயப்படுத்திக்கொள்வதையும் விதி இந்தப் பிரிவில் சேர்ப்பதில்லை. "சுடும் என்று தெரியாமல் அடுப்பைத் திருகுகிறான், வண்டி வருவதைப் பார்க்காமல் ரோட்டில் இறங்குகிறான்" என்பது நடந்ததாக இருந்தால் எழுத வேண்டியது அதுதான். விபத்தே நடக்கவில்லையே என்று கேட்கும்போதும் பெற்றோர் வாயடைத்துப் போக வேண்டியதில்லை. யாரோ ஓடிப்போய்த் தடுத்ததால்தான் நடக்கவில்லை. தடுத்த சம்பவங்களைத் தேதி போட்டு எழுதி வைத்திருந்தால் அதுவே பதில். 24 மணி நேரக் கண்காணிப்புத் திட்டமும் கேட்பார்கள். பள்ளியில் இருக்கும் நேரத்தையும் அதில் காட்டலாம்.

"எங்க ரெண்டு பேருக்கும் ஐடி சம்பளம், எங்களுக்கெல்லாம் கிடைக்காது" என்று விண்ணப்பிக்காமலே இருப்பவர்களும் உண்டு. திட்டத்தில் சேர மெடி-கால் என்ற அரசு மருத்துவக் காப்பீடு வேண்டும், உண்மைதான். ஆனால் 18 வயது ஆன மாற்றுத்திறனாளிக்குப் பொதுவாகப் பெற்றோர் வருமானம் கணக்கில் வராது. அதற்குக் கீழே உள்ள பிள்ளைக்கும், வளர்ச்சிக் குறைபாட்டுக்கான ரீஜனல் சென்டரில் பதிந்திருந்தால், பெற்றோர் வருமானத்தை ஒதுக்கிவைக்கும் விதிவிலக்கு ஒன்று இருக்கிறது.

அதிகம் கேட்டால் இருப்பதும் போய்விடும் என்ற பயம் முழுப் பொய் அல்ல. நிலைமை மாறினால் வருடாந்திர மதிப்பீட்டுக்குக் காத்திருக்காமல் எப்போது வேண்டுமானாலும் மறுமதிப்பீடு கேட்கலாம். அந்த மறுமதிப்பீட்டில் நேரம் குறையவும் வாய்ப்பு உண்டு. கையில் பதிவேடு இல்லாமல் அவசரப்பட்டுக் கேட்க வேண்டாம் என்பதே சரியான எச்சரிக்கை. பயந்து கேட்காமலே இருப்பது அதைவிடப் பெரிய இழப்பு.

கவுன்டி அனுப்பும் கடிதமே இறுதி முடிவு என்று நினைத்துப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிட வேண்டாம். அதை எதிர்த்து மாநில விசாரணை கேட்க 90 நாள் அவகாசம் இருக்கிறது. விசாரிப்பவர் நிர்வாகச் சட்ட நீதிபதி. கட்டணம் கிடையாது, வக்கீல் கட்டாயமில்லை, மொழிபெயர்ப்பாளரை இலவசமாகக் கேட்டு வாங்கலாம், கோப்பைப் பார்க்கவும் உரிமை உண்டு. நேரத்தைக் குறைத்து வந்த கடிதமாக இருந்தால் முதலில் பார்க்க வேண்டியது அது அமலுக்கு வரும் தேதியை. அதற்கு முன்பே விசாரணை கேட்டுவிட்டால், தீர்ப்பு வரும்வரை பழைய மணி நேரம் அப்படியே தொடரும்.