விளையாட்டு மென்பொருளின் இற்றைப்படுத்தல் இடையில் நிற்பது ஏன்? - பழுதறிதல் பயிற்சி

க.பொ.த. (சாதாரண தர) தகவல் தொடர்பாடல் தொழினுட்பப் பாடத்தில் "பழுதறிதல்" என்றதும் கணினி ஒளிராமை, அச்சுப்பொறி இயங்காமை ஆகிய இரண்டையும் மனனம் செய்துகொண்டு வருகின்ற மாணவர்களே அதிகம். வினா சற்று மாறி வந்தால் பேனை நின்றுவிடுகிறது. ஆகவே இப்பாடத்தில் உங்களுக்கு நன்கு பழக்கமான ஒரு பழுதை எடுத்துக்கொள்வோம். கணினி விளையாட்டைத் திறக்கும் "லோஞ்சர்" என்னும் தொடக்கி மென்பொருள், இற்றைப்படுத்தலை முடிக்காமல் பாதியில் நிற்கிறது. இதற்குள் வன்பொருள், பணிசெயல் முறைமை, கோப்பு முகாமைத்துவம், வலையமைப்பு என நான்கு அலகுகள் அடங்கியிருக்கின்றன.

நாங்கள் பாடசாலையில் படித்த காலத்தில் விளையாட்டு என்றால் ஓர் இறுவட்டு. ஹட்டன் நகரிலிருந்து ஒருவர் கொண்டுவந்தால் தோட்டம் முழுவதும் அது சுற்றும். பதிந்தால் முடிந்தது, இற்றைப்படுத்தல் என்ற பேச்சே இல்லை. 2003 செப்டெம்பரில் வால்வ் நிறுவனம் ஸ்டீம் என்னும் தொடக்கி மென்பொருளை வெளியிட்டது. அதன்பின் விளையாட்டுகள் சிறிது சிறிதாக இணையத்தின் வழியே வரவும், தம்மைத் தாமே புதுப்பித்துக்கொள்ளவும் தொடங்கின. பழுதும் அங்கிருந்தே தொடங்கிற்று.

இற்றைப்படுத்தலின் படிமுறைகள்

முதலில் தொடக்கி மென்பொருள் சேவையகத்துடன் தொடர்புகொண்டு, புதிய பதிப்பில் எந்தெந்தக் கோப்புகள், எவ்வளவு அளவில் இருக்க வேண்டும் என்னும் விவரப் பட்டியலைப் பெறுகிறது. அதனைக் கணினியில் உள்ள கோப்புகளுடன் ஒப்பிடுகிறது. மாறியவற்றை மாத்திரம் சிறு துண்டுகளாகத் தரவிறக்கி, ஒரு தற்காலிகக் கோப்புறையில் வைக்கிறது. ஒவ்வொரு துண்டும் பிழையின்றி வந்ததா எனச் சரிபார்க்கிறது. அதன் பின்னரே அவற்றை விரித்து, பழைய கோப்புகளின் இடத்தில் எழுதுகிறது.

சரிபார்த்தல் எப்படி நடைபெறுகிறது? மடுவத்தில் கொழுந்து நிறுப்பதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். மலையில் நிறுத்து எழுதிய கணக்கும் தொழிற்சாலையில் மீண்டும் நிறுத்த கணக்கும் ஒத்துவர வேண்டும். ஒவ்வாவிட்டால் வழியில் ஏதோ நடந்திருக்கிறது. அதுபோலவே அனுப்பும் பக்கத்தில் ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு சரிபார்ப்பு எண் கணிக்கப்பட்டிருக்கும். வந்து சேர்ந்த துண்டுக்கும் அதே முறையில் கணித்து இரண்டையும் ஒப்பிடுவார்கள். ஒரு பிற்று மாறினாலும் எண் மாறிவிடும். அத்துண்டு மீண்டும் தரவிறக்கப்படும். கொழுந்துக் கணக்கில் சில்லறை வித்தியாசம் விடுபடலாம், இங்கே அது விடுபடாது.

இப்படிமுறைகளை ஏன் அறிய வேண்டும்? எந்தப் படியில் நின்றது என்பதைக் கொண்டே காரணத்தைக் குறுக்கலாம். ஆரம்பத்திலேயே நின்றால் தொடர்பைப் பார்க்க வேண்டும். இடையில் ஆடி ஆடி நின்றால் வேகத்தையும் தரவு அளவையும் பார்க்க வேண்டும். 100 வீதத்தை எட்டிய பின் விழுந்தால், பெரும்பாலும் இணையத்தின்மீது பழி இல்லை.

ஒரு மாணவனின் கதை

டிக்கோயாப் பக்கத்துத் தோட்டமொன்றிலிருந்து என் வகுப்புக்கு வந்த ஒரு மாணவன். கொழும்பில் கடையொன்றில் வேலை செய்யும் அண்ணன், பாவித்த கணினி ஒன்றை வாங்கி அனுப்பியிருந்தார். அதில் ஒரு விளையாட்டு, 6 கிகாபைற்று இற்றைப்படுத்தலைக் கேட்டு நின்றது. அம்மாவின் கைத்தொலைபேசி டேட்டாவில் மூன்று முறை முயன்றிருக்கிறான். ஒவ்வொரு முறையும், யாரோ சொன்னார்கள் என்று, எல்லாவற்றையும் அழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்கியிருக்கிறான். மூன்று முறைக்கு 18 கிகாபைற்று! மாதத்துக்கான டேட்டா தீர்ந்தது. அந்த வாரம் இ-தக்சலாவ தளத்திலிருந்து எடுத்துச் செய்துவருமாறு நான் கொடுத்திருந்த கணிதப் பயிற்சியை அவனால் எடுக்கவே முடியவில்லை. வீட்டில் ரீலோட் போட இன்னும் பத்து நாள் காத்திருக்க வேண்டும்.

"லைன் சரியில்லைங்க சேர். நூறு வரைக்கும் போய்த் திரும்ப சைபருக்கு வருதுங்க" என்றான்.

"திரையில என்ன எழுதி வருது? வாசிச்சியா?" என்று கேட்டேன். வாசிக்கவில்லை. ஆங்கிலத்தில் வருவதால் உடனே மூடிவிடுகிறானாம்.

பழுதறிதலின் முதலாவது வேலை, வழுச் செய்தியை வாசிப்பதாகும். விளங்காவிட்டால் எழுத்துக்கு எழுத்து பார்த்துக் கொப்பியில் எழுதுங்கள். மறுநாள் அவன் எழுதி வந்ததில் "வட்டில் எழுத முடியவில்லை" என்ற பொருள் இருந்தது. சி செலுத்தியில் மீதமிருந்த இடம் 7 கிகாபைற்று. தரவிறக்கிய துண்டுகளுக்கு 6 போனால், அவற்றை விரித்து எழுத 1 கிகாபைற்றே எஞ்சும். அது எப்படிப் போதும்? தேவையற்ற காணொளிகளை வேறு செலுத்திக்கு மாற்றி, மீள்சுழற்சித் தொட்டியையும் வெறிதாக்கினோம். (தொட்டிக்குள் கிடக்கும் கோப்பும் வட்டில் இடம் பிடிக்கும். இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.) 20 கிகாபைற்று கிடைத்தது.

ஆனால் அன்று வேலை முடியவில்லை. இப்போது சேவையகத்துடன் தொடர்பே கிடைக்கவில்லை என்றது. பணிப்பட்டையின் மூலையைப் பார்த்தேன். கணினி பல வருடங்கள் பின்னால் நின்றது! முதல்நாள் மின்சாரம் போய் வந்திருக்கிறது.

திகதியும் சீமொஸ் மின்கலமும்

தாய்ப்பலகையில் நாணயம் போன்ற சிறு மின்கலம் ஒன்று உண்டு. பெரும்பாலும் சீ.ஆர் 2032 வகை. 20 என்பது விட்டம் 20 மில்லிமீற்றர் என்பதையும், 32 என்பது தடிப்பு 3.2 மில்லிமீற்றர் என்பதையும் குறிக்கும். மின்னழுத்தம் 3 வோல்ற்று. மின் துண்டிக்கப்பட்ட வேளையிலும் கணினியின் கடிகாரத்தை ஓடச் செய்வது இதுவே. இது வலுவிழந்தால், மின்சாரம் போகும் ஒவ்வொரு முறையும் திகதி பழைய நாளுக்குத் திரும்பிவிடும். 2022 மார்ச் இறுதியில் நாட்டில் நாளொன்றுக்கு 13 மணி நேரம் வரை மின்வெட்டு இருந்தது நினைவிருக்கும். பழைய கணினிகளில் இப்பழுது பலருக்குத் தெரியவந்தது அக்காலத்தில்தான்.

திகதிக்கும் இற்றைப்படுத்தலுக்கும் என்ன தொடர்பு? பாதுகாப்பான இணைப்பில் சேவையகம் தனது எண்முறைச் சான்றிதழைக் காட்டும். அதில் "இந்தத் திகதி முதல் இந்தத் திகதி வரை செல்லுபடியாகும்" என இருக்கும். உங்கள் கணினி 2010 இல் நின்றால், அச்சான்றிதழ் இன்னும் பிறக்காத ஒன்றாகத் தோன்றும். ஆகவே இணைப்பை மறுத்துவிடும். திகதியைத் திருத்தினால் அப்போதைக்குச் சரியாகும். நிலையான தீர்வு மின்கலத்தை மாற்றுவதே. கணினியின் மின் வடத்தைக் கழற்றிய பின்னரே பெட்டியைத் திறக்க வேண்டும்.

மின்கலத்தை மாற்றிய இரவில் அவனுடைய இற்றைப்படுத்தல் ஒரே முறையில் முடிந்தது. டேட்டாவை மாமா வீட்டில் கேட்டு வாங்கியிருந்தான். கணிதப் பயிற்சியை முதலில் எடுத்தாயா என்று நான் கேட்டதற்குச் சிரித்தான்.

வேகக் கணிப்பு

கம்பனிகள் வேகத்தை மெகாபிற்றில் சொல்கின்றன. தொடக்கி மென்பொருள் பெரும்பாலும் மெகாபைற்றில் காட்டும். 8 பிற்றுகள் ஒரு பைற்று. எனவே செக்கனுக்கு 8 மெகாபிற்று இணைப்பில், திரையில் 1 மெகாபைற்று என்றே காணப்படும். ஏமாற்றிவிட்டார்கள் என்று சண்டைக்குப் போக வேண்டாம்.

உதாரணம்: 6 கிகாபைற்று கோப்பை, செக்கனுக்கு 8 மெகாபிற்று வேகத்தில் தரவிறக்க எவ்வளவு நேரம் எடுக்கும்?
6 × 1024 = 6144 மெகாபைற்று
6144 × 8 = 49152 மெகாபிற்று
49152 ÷ 8 = 6144 செக்கன்
அதாவது 1 மணி 42 நிமிடம் 24 செக்கன்.

எல்லோரும் தொலைபேசியைக் கையில் எடுக்கும் மாலை வேளையில் வேகம் 2 மெகாபிற்றாகக் குறைந்தால், இதுவே 6 மணி 49 நிமிடம் 36 செக்கனாகும். மென்பொருள் நின்றுவிட்டது என நினைத்து அழித்துவிடுபவர்களில் பலர், உண்மையில் பொறுமையிழந்தவர்களே. தரவிறக்கத்தை நிறுத்த வேண்டுமானால் இடைநிறுத்தம் கொடுங்கள். விட்ட இடத்திலிருந்து தொடரும்.

வேறு காரணங்கள்

பணிசெயல் முறைமை பழையதாயிருத்தல் எமது பகுதியில் முக்கிய காரணம். ஸ்டீம், விண்டோஸ் எக்ஸ்.பி., விஸ்டா ஆகியவற்றுக்கான ஆதரவை 2019 ஜனவரி 1 இல் நிறுத்தியது. விண்டோஸ் 7, 8, 8.1 ஆகியவற்றுக்கு 2024 ஜனவரி 1 இல் நிறுத்தியது. விண்டோஸ் 7 உள்ள கணினியில் நீங்கள் எத்தனை முறை மீளப் பதிந்தாலும் பயன் இல்லை. விளையாட்டே மாறிவிடுவதும் உண்டு. கவுண்டர்-ஸ்ட்ரைக்கின் முன்னைய பதிப்புக்கு 15 கிகாபைற்று இடம் போதுமெனக் குறிப்பிடப்பட்டிருந்தது. 2023 செப்டெம்பர் 27 இல் அதன் இடத்துக்கு வந்த கவுண்டர்-ஸ்ட்ரைக் 2 கேட்பது 85 கிகாபைற்று. சிறிய வன்தட்டு உள்ளவர் இதில் என்ன செய்ய முடியும்?

இடம் தாராளமாக இருந்தும் எழுத முடியவில்லை என்றால் கோப்பு முறைமையைப் பாருங்கள். ஃபெட் 32 முறைமையில் ஒரு தனிக் கோப்பு 4 கிகாபைற்றுக்குக் குறைவாகவே இருக்க முடியும். வெளி வன்தட்டுக்கு விளையாட்டை மாற்றியவர்களுக்கு இது நேரும். என்.டி.எஃப்.எஸ். முறைமையில் இத்தடை இல்லை. ஆனால் மாற்றுவதற்காக வடிவமைப்புச் செய்தால் உள்ளே இருப்பவை அழியும்; முதலில் பிரதி எடுத்துக்கொள்ள வேண்டும்.

நச்சுநிரல் எதிர்ப்பு மென்பொருள் புதிய கோப்பைச் சந்தேகித்துத் தடுத்துவைப்பதும், தீச்சுவர் வழியை மறிப்பதும் உண்டு. அதற்காக அவற்றை முற்றாக நிறுத்திவிடுவது தவறு. குறித்த மென்பொருளுக்கு மாத்திரம் விலக்களிக்க வேண்டும். களவுப் பிரதிகள் உத்தியோகபூர்வமாக இற்றைப்படா. 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தை ஒழுக்கநெறி அலகில் படிப்பீர்கள்.

மீளப் பதிதல் எப்போது? கடைசியாக. அதற்கு முன் "கோப்புகளைச் சரிபார்" என்னும் தெரிவைப் பாவித்தால், பழுதான கோப்புகள் மாத்திரம் மீண்டும் வரும்.

மாதிரி வினா

ஒரு மாணவியின் கணினியில் விளையாட்டு இற்றைப்படுத்தல் 100 வீதம் தரவிறங்கிய பின் தோல்வியடைகிறது. மின்தடை ஏற்படும் நாட்களில் இற்றைப்படுத்தல் ஆரம்பிப்பதும் இல்லை.
(அ) முதலாவது பழுதுக்கான காரணம் ஒன்றும் தீர்வு ஒன்றும் தருக.
(ஆ) இரண்டாவது பழுதுக்குக் காரணமான வன்பொருளைப் பெயரிட்டு, அது இணைப்பைப் பாதிக்கும் விதத்தை விளக்குக.

விடை
(அ) வன்தட்டில் போதிய இடமின்மை. தேவையற்ற கோப்புகளை அகற்றி, மீள்சுழற்சித் தொட்டியை வெறிதாக்குதல்.
(ஆ) சீமொஸ் மின்கலம். அது வலுவிழந்தால் மின்தடையின் பின் திகதி பிழையாகும். பிழையான திகதியால் சேவையகத்தின் எண்முறைச் சான்றிதழ் செல்லுபடியற்றதாகக் கருதப்பட்டு இணைப்பு மறுக்கப்படும். "மின்கலம் பழுது" என்று மாத்திரம் எழுதுபவருக்கு நான் பாதிப் புள்ளியே இடுவேன். "விளக்குக" என்றால் திகதியிலிருந்து சான்றிதழ் வரை எழுத வேண்டும்.