கம்பிகளை அகற்றிய கார்ல் ஹாகன்பெக்

உயிரியல் பூங்காவுக்குச் சுற்றுலா செல்லும் மாணவர்கள் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: "நடுவில் கம்பியே இல்லையே, புலி ஏன் தாண்டி வரவில்லை?" வண்டலூரில் கேட்கப்படும் இக்கேள்விக்கான விடை, ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் தொடங்குகிறது.

1848ஆம் ஆண்டு அங்கு மீன் வணிகர் ஒருவர், வலையில் சிக்கிய சீல்களை மரத்தொட்டிகளில் வைத்துக் கட்டணம் பெற்றுக் காட்டினார். அவர் மகனே கார்ல் ஹாகன்பெக் (1844–1913). பின்னாளில் இவர் புகழ்பெற்ற விலங்கு வணிகரானார்.

சாட்டையும் சூட்டுக்கோலும் கொண்டு விலங்குகளைப் பழக்கிய காலம் அது. ஹாகன்பெக் அச்சுறுத்தலைக் கைவிட்டார். ஒவ்வொரு விலங்கின் இயல்பையும் கவனித்து, ஏற்றவற்றைத் தேர்ந்தெடுத்து, பொறுமையாகவும் உணவைப் பரிசாகத் தந்தும் பழக்கினார். 1893ஆம் ஆண்டு சிகாகோ உலகக் கண்காட்சியில் அவருடைய விலங்குகள் பெரும் வரவேற்பைப் பெற்றன.

விலங்குகள் எவ்வளவு தூரம், எவ்வளவு உயரம் தாவும் என்பதையும் அவர் சோதித்து அறிந்தார். அந்த அளவைவிட அகலமான அகழி இருந்தால் கம்பி தேவையில்லை! இம்முறைக்கு 1896ஆம் ஆண்டு காப்புரிமை பெற்றார். 1907ஆம் ஆண்டு ஹாம்பர்க் அருகே ஸ்டெல்லிங்கனில் தம் பூங்காவைத் திறந்தார். முன்னே நீர்ப்பறவைகள், அடுத்துப் புல்லுண்ணிகள், பின்னே சிங்கங்கள். இடையிலுள்ள அகழிகள் பார்ப்பவர் கண்ணுக்குத் தெரியாததால் எல்லாம் ஒரே நிலப்பரப்பாகத் தோன்றின. பல நாட்டுப் பூங்காக்கள் இம்முறையைப் பின்பற்றின.

பாடத்தை இங்கேயே முடித்துவிடலாமா? கூடாது. அவருடைய வணிகத்துக்காகக் குட்டிகளைப் பிடித்தபோது தாய் விலங்குகள் கொல்லப்பட்டன. 1874ஆம் ஆண்டு முதல் அவர் மனிதர்களையும் காட்சிப்படுத்தினார். 1880ஆம் ஆண்டு லாப்ரடாரிலிருந்து அழைத்துவரப்பட்ட 8 இனூயிட் மக்களுக்கு உரிய நேரத்தில் அம்மைத் தடுப்பூசி போடப்படவில்லை. சில மாதங்களில் குழந்தைகள் உட்பட எண்மரும் பெரியம்மையால் இறந்தனர். அவர்களுள் ஒருவரான ஆபிரகாம் தம் தாய்மொழியில் எழுதிய நாட்குறிப்பு, அந்தத் துயரத்துக்குச் சான்றாக உள்ளது.

சிங்கத்தின் இயல்பை மதித்தவர், மனிதரின் மாண்பை மறந்தார். சாதனையை மட்டும் சொன்னால் மாணவருக்கு ஒரு நாயகர் கிடைப்பார்; இரண்டையும் சொன்னால் சிந்திக்கும் பழக்கம் கிடைக்கும்.

வகுப்பறைச் செயல்பாடு

1. விளையாட்டுத் திடலில் மாணவர்கள் நீளம் தாண்டட்டும். அளவுகளைக் குறித்து, யாராலும் தாண்ட முடியாத அகழியின் அகலத்தைக் கணக்கிடச் செய்க.

2. கம்பி மறைந்ததால் விலங்குக்குக் கிடைத்தது என்ன, பார்வையாளருக்குக் கிடைத்தது என்ன? குழுவில் விவாதிக்கச் செய்க.

3. ஒருவரைப் பார்ப்பதற்கும் காட்சிப்பொருளாக்குவதற்கும் என்ன வேறுபாடு? மாணவர்கள் தம் சொற்களில் எழுதட்டும்.